மிச்சமிருந்த வாத்தியம்

அக்காமார் ஒவ்வொருவராக வாத்தியங்களை எடுத்துக்கொண்டார்கள். டிரம்பெட் போயிற்று, சாக்ஸபோன் போயிற்று, டிராம்போன் போயிற்று. வயோலாவின் முறை வந்தபோது டிரம்ஸ்தான் மிச்சமிருந்தது. குழுவுக்கு ஒரு டிரம்மர் வேண்டும் என்றார் அப்பா. சிறுமி போய் உட்கார்ந்தாள். வயோலா ஸ்மித் முதுமையில் தந்த நேர்காணல்களில் சிரித்துக்கொண்டே சொன்ன கதை இது. அதற்குப் பிறகு தொண்ணூறு ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்து, 107ஆம் வயதில், 2020 அக்டோபர் 21 அன்று கலிபோர்னியாவில் இறந்தார். அவருக்கான அஞ்சலிக் குறிப்புகளின் தலைப்புகளில் 1930களில் ஒட்டப்பட்ட பட்டமே மீண்டும் அச்சாகியிருந்தது: 'உலகின் மிக வேகமான பெண் டிரம்மர்'. ஆங்கிலத்தில் அந்தப் பட்டத்தில் இருக்கும் சொல் 'உமன்' அல்ல, 'கேர்ள்'. நூற்றேழு வயதுச் சிறுமி.

நான் இசை விமர்சகர் இல்லை. தமிழ் படித்து, தமிழ் கற்பித்து, கவிதை எழுதுகிறவள். ஜாஸ் எனக்குத் தாமதமாக வந்த பழக்கம். வயோலாவை நான் முதலில் கண்டது ஒரு பழைய குறும்படத் துண்டில். ஃபிரான்சிஸ் காரலும் அவருடைய கோகெட்ஸ் என்ற பெண்கள் குழுவும் 'பாம்பாட்டி' என்ற பாடலை வாசிக்கும் காட்சி அது. பெண்கள் எல்லோரும் ஒரே மாதிரி உடையில் இருக்கிறார்கள், எல்லோரும் சிரிக்கிறார்கள். பின்வரிசையில் ஒருவர் மட்டும் வேறு விதமாகத் தெரிகிறார். அவருடைய தலைக்கு இருபுறமும், ஏறக்குறையக் காது உயரத்தில், இரண்டு பெரிய டாம்-டாம் முரசுகள் நிற்கின்றன. தனியாவர்த்தனம் வரும்போது அவர் கைகளை உயர்த்தி அவற்றை அடிக்கிறார். அப்போதும் சிரிப்பு மாறவில்லை. என்னைப் பல நாள் தொந்தரவு செய்தவை அந்தச் சிரிப்பும் அந்த உயரமும்தான். இந்தக் கட்டுரை அங்கிருந்து தொடங்குகிறது.

முதலில் வாழ்க்கை. 1912 நவம்பர் 29 அன்று விஸ்கான்சின் மாநிலத்தின் மவுண்ட் கால்வரி என்னும் சிற்றூரில் பிறந்தார். குடும்பப் பெயர் ஷ்மிட்ஸ். எட்டுப் பெண்கள், இரண்டு ஆண்கள் என்று பத்துப் பிள்ளைகள் உள்ள வீடு. அப்பா நடனக் கூடம் நடத்தியவர். பெண் பிள்ளைகளை வைத்தே ஒரு இசைக்குழு அமைப்பது அவருடைய திட்டம். எல்லோரும் முதலில் பியானோ கற்றார்கள், பிறகு ஆளுக்கொரு வாத்தியம். ஷ்மிட்ஸ் சகோதரிகள் குடும்ப இசைக்குழு 1920களிலும் 30களிலும் ஊர்ச் சந்தைகளிலும் திரையரங்குகளிலும் வாசித்தது. பிறகு பெயர் ஸ்மித் சகோதரிகள் ஆயிற்று. சகோதரிகள் ஒவ்வொருவராகக் கல்யாணமாகி விலகினார்கள். மேஜர் போவ்ஸ் வானொலியில் நடத்திய புகழ்பெற்ற புதுமுகக் கலைஞர் நிகழ்ச்சியில் குழு வாசித்த பிறகு, மிச்சமிருந்த அக்கா மில்ட்ரெடோடு சேர்ந்து வயோலா 1938இல் கோகெட்ஸைத் தொடங்கினார். 1940 பிப்ரவரியில் 'பில்போர்டு' இதழின் அட்டையில் அவர் படம் வந்தது. 1942இல் மில்ட்ரெடுக்கும் கல்யாணம். கோகெட்ஸ் முடிந்தது. வயோலா நியூயார்க் போனார்.

இந்தக் கதையில் 'கல்யாணமாகி விலகினார்கள்' என்ற தொடர் எவ்வளவு சாதாரணமாக வந்து போகிறது பாருங்கள். வாழ்க்கைக் குறிப்பு எழுதுகிறவர்கள் யாரும் அங்கே நிற்பதில்லை. நானும் இப்போது ஒரே வரியில் கடந்துவிட்டேன். ஒரு குழுவே அப்படிக் கரைந்துபோயிருக்கிறது. ஆண்கள் குழுக்களின் வரலாற்றில் சண்டை வரும், சம்பளத் தகராறு வரும், குடி வரும், மரணம் வரும். டிராம்போன்காரருக்குக் கல்யாணம் ஆனதால் குழு கலைந்தது என்று நான் எங்கும் படித்ததில்லை.

சரி, அந்த உயரம். டிரம்ஸ் செட் என்பது பல தோல் கருவிகளையும் உலோகத் தட்டுகளையும் ஒருவர் நான்கு கைகால்களாலும் வாசிக்கும்படி அடுக்கிய அமைப்பு. பெரிய பாஸ் டிரம் தரையில் இருக்கும், வலது கால் அதை மிதிக்கும். ஸ்நேர் மடிக்கு முன்னால் இருக்கும். டாம்-டாம்கள் வழக்கமாக பாஸ் டிரம்மின் மேலோ தரையிலோ இருக்கும். கீழ்நோக்கி அடிக்கும்போது கையின் எடை உதவும், குச்சி துள்ளித் திரும்பும். காதுக்குப் பக்கத்தில் ஏறிய முரசை அடிக்கும்போது அந்த உதவி இல்லை. தோளும் மணிக்கட்டும் எல்லா வேலையையும் செய்ய வேண்டும், அதையும் வேகம் குறையாமல் செய்ய வேண்டும். வயோலா வைத்திருந்தவை பதினாறு அங்குல முரசுகள், சிறியவை அல்ல.

இதை வித்தை என்று தள்ளிவிடுவது எளிது. விற்பனைக்கான தந்திரம் என்று சொன்னவர்களும் உண்டு. வித்தை என்பதை நானும் மறுக்கவில்லை. ஆனால் யாருக்கு வித்தை தேவைப்படுகிறது? டிரம்மர் குழுவின் கடைசி வரிசையில் இருப்பவர். தட்டுகளும் மற்றவர்களின் முதுகுகளும் அவரை மறைக்கும். பெண்கள் குழுவுக்கு வருகிறவர்களோ காது கொண்டு வருவதைவிடக் கண் கொண்டு வருகிறவர்கள். பார்க்கப்படுவது என்ற கட்டாயத்திலிருந்து அந்த மேடையில் யாரும் தப்ப முடியாது. வயோலா பார்வையைத் தன் முகத்திலிருந்தும் உடையிலிருந்தும் தன் கைகளுக்கு நகர்த்தினார். முரசைக் கண்மட்டத்துக்கு ஏற்றிவிட்டால் முகத்தைப் பார்க்க வந்தவர் அடியையும் பார்த்தாக வேண்டும். அவர் இப்படித் திட்டமிட்டார் என்று நான் சொல்லவில்லை. படத்துண்டில் நடப்பது அது.

அவருக்குக் கிடைத்த இன்னொரு பட்டம் 'பெண் ஜீன் குருபா'. குருபா அவரைவிட மூன்று வயது மூத்தவர். பென்னி குட்மன் குழுவில் வாசித்து, டிரம்மரை மேடையின் முன்னணிக்குக் கொண்டுவந்த நட்சத்திரம். அவரோடு ஒப்பிடப்படுவது அந்தக் காலத்தில் பெரிய மரியாதை. வயோலாவும் அதை மரியாதையாகவே எடுத்துக்கொண்டார். ஆனால் இந்த மரியாதையின் இலக்கணத்தைக் கவனியுங்கள். பெயர்ச்சொல் குருபாவுடையது, அடைமொழி மட்டும் இவருடையது. வகுப்பில் சங்க இலக்கியம் நடத்தும்போது எனக்கு இது அடிக்கடி நினைவுக்கு வரும். 'பெண்பாற் புலவர்கள்' என்று ஒரு பட்டியல் உண்டு, அதை மாணவிகள் மனப்பாடம் செய்து எழுதுவார்கள். ஔவையார் அதில் வருவார், வெள்ளிவீதியார் வருவார், நச்செள்ளையார் வருவார். கபிலரை யாரும் ஆண்பாற் புலவர் என்று சொல்வதில்லை. ஒருமுறை ஒரு மாணவி, பட்டியலில் சேராத பெயர்களில் சில பெண்களுடையதாகவும் இருக்கலாமே, எல்லாம் ஆண் என்று எப்படி முடிவு செய்தார்கள் என்று கேட்டாள். நல்ல கேள்வி. அடைமொழி இல்லாத இடமெல்லாம் ஆணுடையது என்று மொழியே முடிவு செய்து வைத்திருக்கிறது. இலக்கியக் கூட்டங்களில் என்னை அறிமுகம் செய்கிறவர்கள் 'பெண் கவிஞர்' என்று தொடங்கும்போது மறுக்கவும் முடியாமல் ஏற்கவும் முடியாமல் நான் சிரிப்பது உண்டு. கோகெட்ஸ் மேடையில் வயோலா சிரிக்கும் சிரிப்பு எனக்குப் பழக்கமானதாகத் தெரிந்ததற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கும்.

வயோலாவை இன்றும் வாசிக்கத் தகுந்தவராக ஆக்குவது அவருடைய வாசிப்பு மட்டுமல்ல, ஒரு கட்டுரையும்தான். அதற்கு முன்னால் 1938க்குப் போக வேண்டும். அந்த ஆண்டு பிப்ரவரியில் 'டவுன்பீட்' என்னும் ஜாஸ் இதழ், பெண் இசைக்கலைஞர்கள் ஏன் தாழ்ந்தவர்கள் என்ற தலைப்பில் கையெழுத்தில்லாத ஒரு கட்டுரையை வெளியிட்டது. பெண் டிரம்மர்கள் தொட்டில் ஆட்டிப் பழகியிருந்தால் தாளத்துக்குக் கொஞ்சம் பக்கத்திலாவது வந்திருப்பார்கள் என்ற பொருளில் ஒரு கேலி அதில் உண்டு. எழுதியவர் பெயர் போடாததில் வியப்பில்லை. பெயர் போடாமல் எழுதும்போது அது ஒருவரின் கருத்தாக இல்லாமல் ஊரறிந்த உண்மையாகிவிடுகிறது. (தாலாட்டுக் கேட்டு வளர்ந்த நமக்கு அந்தக் கேலி தலைகீழாகத்தான் கேட்கும். தொட்டில் கயிறு எவ்வளவு சீரான தாளத்தில் ஆடும் என்பது கையை மாற்றாமல் இரவெல்லாம் ஆட்டியவளுக்குத் தெரியும். ஆனால் அந்தத் தாளத்துக்கு யாரும் கூலி தருவதில்லை என்பதையும் அவள் அறிவாள்.)

அதற்கு மறுப்பு எழுதியவர் லாஸ் ஏஞ்சல்ஸில் குழு நடத்திய சாக்ஸபோன் கலைஞர் பெக்கி கில்பெர்ட். பெண்களை வேலைக்கு எடுப்பதே அவர்கள் எப்படித் தோன்றுகிறார்கள் என்பதற்காகத்தான், எப்போதும் சிரித்துக்கொண்டிருக்கவும் சொல்வார்கள், பிறகு வாசிப்பில் குறை சொல்வார்கள் என்பது அவருடைய வாதத்தின் சாரம். இதழ் அதை வெளியிட்டது. தலைப்பை மட்டும் மாற்றிவிட்டது. மார்க்கச்சை அணிந்துகொண்டு குழல் ஊதுவது எப்படி என்று கேட்கும் தலைப்பு. பெக்கி கில்பெர்ட் அதைப் பார்த்து அவமானப்பட்டார். பதில் சொல்ல இடம் கொடுப்பார்கள், அந்த இடத்துக்கு மேலே பலகை எழுதும் உரிமையைத் தங்களிடமே வைத்துக்கொள்வார்கள். பத்திரிகைகளுக்கு எழுதும் பெண்கள் எவருக்கும் இதை விளக்க வேண்டியதில்லை.

வயோலா எழுதியது அதற்கு நான்கு ஆண்டுகள் கழித்து, அதே இதழில், 1942 பிப்ரவரியில். 'பெண் இசைக்கலைஞர்களுக்கு ஒரு வாய்ப்புக் கொடுங்கள்' என்பது தலைப்பு. பேர்ல் ஹார்பர் தாக்குதல் நடந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை. பெரிய குழுக்களிலிருந்து ஆண்கள் இராணுவத்துக்கு அழைக்கப்பட்டுக்கொண்டிருந்தார்கள். அந்த இடங்களைத் திறமை குறைந்த ஆண்களைக் கொண்டு நிரப்புவதைவிட நாட்டிலுள்ள நல்ல பெண் கலைஞர்களை ஏன் எடுக்கக்கூடாது என்று அவர் கேட்டார். தொடர்ந்த பயணத்தையும் ஒவ்வோர் இரவும் ஓர் ஊர் என்ற அலைச்சலையும் பெண்கள் தாங்குவார்கள், இன்றைய பெண்கள் முந்தைய தலைமுறையின் ஆதரவற்ற ஜீவன்கள் அல்லர் என்றார். கடிதங்கள் பறந்தன. ஆதரவாகவும் எதிராகவும்.

துணிச்சலான கட்டுரை. முப்பது வயதாகாத, வேலை தேடிக்கொண்டிருந்த ஒரு கலைஞர், தனக்கு வேலை தரக்கூடியவர்கள் வாசிக்கும் இதழில் தன் பெயரில் எழுதியது. இதைச் சொல்லிவிட்டுத்தான் அதன் குறைகளுக்குப் போக வேண்டும்.

முதல் குறை வாதத்தின் அடித்தளத்தில் இருக்கிறது. ஆண்கள் போகிறார்கள், எனவே எங்களை எடுங்கள் என்பது பதிலிக்கான வாதம். பதிலியாக உள்ளே போகிறவர், உரியவர் திரும்பி வந்ததும் இடத்தைக் காலி செய்ய வேண்டும். 1945க்குப் பிறகு அதுதான் நடந்தது. பெண்கள் குழுக்கள் ஒவ்வொன்றாக வேலையிழந்தன. இதைப் பற்றி மிக நன்றாக எழுதியவர் ஷெர்ரி டக்கர். 2000ஆம் ஆண்டில் வந்த 'ஸ்விங் ஷிஃப்ட்' என்ற அவருடைய நூல் 1940களின் பெண்கள் குழுக்களைப் பற்றியது. அவற்றில் வாசித்த பெண்களை நேரில் கண்டு பேசி எழுதியது. போர் வந்ததால் பெண்கள் வாத்தியம் எடுத்தார்கள், போர் முடிந்ததும் வைத்துவிட்டார்கள் என்ற வழக்கமான கதையை அவர் ஏற்கவில்லை. அவர்களில் பலர் போருக்கு முன்பே ஆண்டுக்கணக்கில் தொழில்முறையில் வாசித்தவர்கள். வயோலாவையே எடுத்துக்கொண்டால், 1942இல் அவருக்குப் பதினைந்து ஆண்டு மேடை அனுபவமாவது இருந்திருக்கும். தொழிற்சாலைக்குப் புதிதாகப் போன பெண்ணைப் போல அவர் புதியவர் அல்லர். இருந்தும் கதவைத் தட்டும்போது அவர் கையில் எடுத்த காரணம் அனுபவமல்ல, ஆண்களின் இன்மை.

அவரைக் குறை சொல்கிறேனா? கொஞ்சம். ஆனால் வேறு எந்தக் காரணத்தைச் சொல்லியிருந்தால் அந்தக் கதவு திறந்திருக்கும் என்று கேட்டுக்கொண்டால் எனக்குப் பதில் வரவில்லை. வேண்டுகோள் எழுதுகிறவள், கேட்பவரின் தர்க்கத்துக்குள் நின்றுதான் எழுத வேண்டியிருக்கிறது. வேண்டுகோளாக எழுத நேர்ந்ததிலேயே சிக்கல் தொடங்கிவிடுகிறது.

இரண்டாவது குறை இதைவிடப் பெரியது. அந்தக் கட்டுரையின் 'பெண்கள்' என்ற சொல் யாரையெல்லாம் உள்ளடக்கியிருந்தது? அதே நேரத்தில் அமெரிக்காவில் இன்டர்நேஷனல் ஸ்வீட்ஹார்ட்ஸ் ஆஃப் ரிதம் என்ற பெண்கள் குழு இருந்தது. 1937இல் மிசிசிப்பி மாநிலத்தில் பைனி வுட்ஸ் என்னும், கறுப்பினப் பிள்ளைகளுக்கான பள்ளியில் தொடங்கியது. லாரன்ஸ் ஜோன்ஸ் என்ற அதன் தலைவர் பள்ளிக்கு நிதி திரட்ட ஏற்படுத்திய குழு. சிறுமிகள் வாசித்துச் சம்பாதித்தார்கள், பணம் பள்ளிக்குப் போயிற்று. 1941இல் பள்ளியிலிருந்து பிரிந்து வந்து தொழில்முறைக் குழுவாயிற்று. டிரம்மர் பாலின் பிராடி. டிரம்பெட்டில் டைனி டேவிஸ், சாக்ஸபோனில் வை பர்ன்சைட், முன்னால் நின்று நடத்தியவர் அன்னா மே வின்பர்ன். கறுப்பினப் பெண்களோடு பல இனக் கலப்பில் பிறந்தவர்களும், பிறகு வெள்ளைப் பெண்களும் சேர்ந்து வாசித்த குழு அது.

தென் மாநிலங்களில் கறுப்பரும் வெள்ளையரும் ஒரே மேடையில் வாசிப்பது சட்டவிரோதம். கறுப்பர்களுக்கு விடுதியில் அறை கிடையாது, உணவகத்தில் இடம் கிடையாது. எனவே ஸ்வீட்ஹார்ட்ஸ் தங்கள் பேருந்திலேயே தூங்கினார்கள், பேருந்திலேயே சாப்பிட்டார்கள். குழுவிலிருந்த வெள்ளைப் பெண்கள் காவலர்களிடமிருந்து தப்ப முகத்தில் கறுமைப் பூச்சுப் பூசிக்கொண்டார்கள். வயோலா தன் கட்டுரையில் ஒவ்வோர் இரவும் ஓர் ஊர் என்று எழுதுகிற அலைச்சலை, பாலின் பிராடி வாழ்ந்த அலைச்சலோடு ஒரே சொல்லால் குறிக்க முடியாது. வயோலா கேட்டது வெள்ளை ஆண்களின் பெரிய குழுக்களில் ஓர் இடம். பாலின் பிராடிக்கு அந்தக் கதவு இரண்டு பூட்டுப் போட்டது. ஒரு பூட்டைத் திறக்கச் சாவி கேட்கும் கட்டுரை மற்றதைப் பற்றிப் பேசவில்லை. நம்முடைய பெண்ணியக் கட்டுரைகளிலும் 'பெண்' என்று பொதுவில் எழுதிவிட்டுச் சாதியைச் சொல்லாமல் நகர்கிற பத்திகள் எத்தனை என்று இந்தத் தொகுப்பை வாசிக்கும் மாணவிகள் எண்ணிப் பார்க்கலாம். என்னுடைய பழைய கட்டுரைகளிலிருந்தே தொடங்கலாம்.

1945இல் ஸ்வீட்ஹார்ட்ஸ் ஐரோப்பா போய் அங்கிருந்த அமெரிக்கப் படைவீரர்களுக்கு வாசித்தார்கள். கறுப்பினப் படைவீரர்கள் கடிதம் எழுதிக் கேட்டு வாங்கிய பயணம் என்று சொல்வார்கள். 1949இல் குழு கலைந்தது. ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் அவர்களை ஜாஸ் வரலாறு மறந்திருந்தது. 1986இல் கிரெட்டா ஷில்லரும் ஆண்ட்ரியா வைஸும் எடுத்த ஆவணப்படம் முதியவர்களாகிவிட்ட அந்தப் பெண்களில் பலரைத் தேடிப் பிடித்துப் பேச வைத்தது. அந்தப் படத்தை வகுப்பில் காட்டக் கிடைத்தால் தவறவிட வேண்டாம்.

வயோலா 1942க்குப் பிறகு என்ன ஆனார்? பெரிய ஆண்கள் குழுவில் இடம் கேட்டவருக்குக் கிடைத்தது மிகப் பெரிய பெண்கள் குழுவில் இடம். ஃபில் ஸ்பிடால்னி நடத்திய 'அவர் ஆஃப் சார்ம்', ஜெனரல் எலக்ட்ரிக் நிறுவனம் விளம்பரதாரராக இருந்த வானொலி நிகழ்ச்சி. பெயரிலேயே வசீகரம் இருக்கிறது. தரையைத் தொடும் கவுன்கள், மென்மையான மெட்டுகள், பக்திப் பாடல்கள். 1954 வரை பன்னிரண்டு ஆண்டுகள் அங்கே இருந்தார். ஒழுங்கான சம்பளம், நாடெங்கும் புகழ், இரண்டு திரைப்படங்கள். 1945இல் வந்த அபாட்-காஸ்டெல்லோ நகைச்சுவைப் படம் ஒன்றில் அவர் வாசிப்பதை இன்றும் பார்க்கலாம். நியூயார்க்கில் ஜூலியார்டில் டிம்பனி கற்றார். ரேடியோ சிட்டி மியூசிக் ஹாலின் புகழ்பெற்ற டிரம்மரும் ஸ்நேர் டிரம்களைத் தன் கையாலேயே செய்தவருமான பில்லி கிளாட்ஸ்டன் தாம் செய்த ஒன்றை அவருக்குக் கொடுத்தார். அந்தப் பரிசை நான் எல்லாப் பட்டங்களுக்கும் மேலே வைப்பேன். அதில் அடைமொழி இல்லை. ஒரு கைவினைஞர் தன்னுடைய கருவி யார் கையில் இருக்க வேண்டும் என்று முடிவு செய்திருக்கிறார், அவ்வளவுதான்.

ஜாஸ் ஆர்வலர்களுக்கு 'அவர் ஆஃப் சார்ம்' என்றாலே முகம் சுளிக்கும். அது ஜாஸே இல்லை என்பார்கள். கேட்டால் எனக்கும் அது சர்க்கரைப் பாகாகத்தான் இருக்கிறது. ஆனால் இங்கே ஒரு கண்ணி இருப்பதைக் கவனிக்க வேண்டும். ஜாஸ் டிரம்மர் ஒருவரின் தரம் சிறு குழுக்களில் தெரியும், நள்ளிரவுக்குப் பிறகு மனோதர்மமாக நடக்கும் ஜாம் அமர்வுகளில் தெரியும், இசைத்தட்டு நிறுவனங்கள் பதிவுசெய்யும் நான்கு பேர் ஐந்து பேர் குழுக்களில் தெரியும். அந்த அறைகளுக்குள் பெண்ணை விடவில்லை. பிறகு, அந்த அறைகளில் பதிவான ஒலியைத்தான் ஜாஸ் என்று வரையறுத்தார்கள். அதன் பிறகு, ஜாஸில் நல்ல பெண் டிரம்மர் யாரும் இல்லை என்று கண்டுபிடித்தார்கள். நமக்குக் கிடைக்கும் வயோலா பெரும்பாலும் திரைப்படத் துண்டுகளில் இருப்பவர். இரண்டு மூன்று நிமிடம், ஒளி விளக்குகள், கவுன், சிரிப்பு.

1954க்குப் பிறகு 'வயோலாவும் அவருடைய பதினேழு முரசுகளும்' என்று தனி நிகழ்ச்சி நடத்தினார். 1966இல் பிராட்வேயில் 'கேபரே' இசை நாடகம் தொடங்கியபோது, கதையில் வரும் கிட் கேட் கிளப்பின் பெண்கள் இசைக்குழுவில் மேடையிலேயே உட்கார்ந்து வாசித்தார். 1970 வரை அது போயிற்று. மேடையில் பெண்கள் இசைக்குழுவாக நடிக்க நிஜப் பெண்கள் இசைக்குழுக்காரி ஒருவர் தேவைப்பட்டிருக்கிறார்! நூறு வயதைத் தாண்டியும் கோஸ்டா மேசாவில் எப்போதாவது உட்கார்ந்து வாசித்தார். டிரம்ஸ் வாசிக்கும் பெண்களுக்காகவே நடந்த 'டாம் டாம்' என்ற இதழ் அவரைத் தேடிப்போய்ப் பேசியது. தன் வாழ்க்கை இனிமையானது, பெரிய தடை ஒன்றும் இருந்ததில்லை என்ற தொனியில்தான் அவர் பேசினார். பெண்ணியவாதியாக வந்து கேட்கிறவர்களுக்கு இது ஏமாற்றமாக இருக்கும். எனக்கும் முதலில் இருந்தது. 1942இல் அப்படி எழுதியவர் நூறு வயதில் இப்படிச் சொல்கிறாரே என்று. பிறகு என் அம்மா தன் வேலைக்காலத்தைப் பற்றிப் பேசுவது நினைவுக்கு வந்தது. எல்லாரும் நல்லவங்கதான் என்பார், அடுத்த மூச்சில் ஒரு சம்பவம் சொல்வார், அதில் நல்லவர் ஒருவர்கூட இருக்கமாட்டார். நீண்ட நாள் வாழ்ந்தவர்கள் தங்கள் வாழ்க்கையை வழக்காக அல்லாமல் வாழ்க்கையாக நினைவுகூர உரிமை உள்ளவர்கள். வழக்கை நடத்துவது வாசிக்கிற நம் வேலை.

அந்த வழக்கை இன்று நடத்துகிறவர்களில் ஒருவர் டெர்ரி லின் காரிங்டன். 1965இல் மாசசூசெட்ஸில் பிறந்த கறுப்பின டிரம்மர். அவர் பிறக்கும் முன்பே இறந்துவிட்ட தாத்தாவின் டிரம்ஸ் செட் ஏழு வயதில் அவர் கைக்கு வந்தது. தாத்தா ஃபேட்ஸ் வாலரோடு வாசித்தவர், அப்பா சாக்ஸபோன் கலைஞர். வயோலாவுக்கு அப்பா, இவருக்குத் தாத்தா. குடும்பத்து ஆண்கள் வழியாகத்தான் அந்த வாத்தியம் இருவருக்கும் வந்திருக்கிறது. பதினொரு வயதில் பெர்க்லி இசைக் கல்லூரியின் உதவித்தொகை. வெய்ன் ஷார்ட்டர், ஹெர்பி ஹான்காக் போன்றவர்களோடு வாசித்தார். வயோலாவை விடாத அந்த அறைகளுக்குள் அவர் இருந்தார். 2014இல் ஜாஸ் வாத்திய இசைத்தொகுப்புக்கான கிராமி விருது, அந்தப் பிரிவில் ஒரு பெண்ணுக்கு முதல் முறை. 'முதல் பெண்' என்ற பட்டம் 'வேகமான பெண்' என்பதைவிட மேலானதா என்று எனக்குத் தெரியவில்லை. இரண்டும் அருங்காட்சியகச் சீட்டுகள் போலத்தான் இருக்கின்றன.

அவர் செய்த இரண்டு காரியங்கள் விருதைவிட எனக்கு முக்கியம். 2018இல் பெர்க்லியில் ஜாஸ், பாலின நீதி ஆகிய இரண்டையும் பெயரிலேயே கொண்ட ஒரு நிறுவனத்தைத் தொடங்கினார். ஆணாதிக்கம் இல்லாத பண்பாட்டில் ஜாஸ் எப்படி ஒலிக்கும் என்பது அது கேட்கும் கேள்வி. இன்னொன்று, 2022இல் பெண்கள் இயற்றிய நூற்றொரு பாடல்களின் இசைக்குறிப்புகளைத் தொகுத்து நூலாக்கினார். ஜாஸ் கற்கும் எவரும் கையில் வைத்திருக்கும் வழக்கமான பாடல் தொகுப்பில் பெண்களின் இசையமைப்பு விரல்விட்டு எண்ணவும் தேவையில்லாத அளவுதான். மாணவர்கள் எதை வாசித்துப் பழகுகிறார்களோ அதுதான் மரபாகிறது. பாடத்திட்டக் குழுக்களில் உட்கார்ந்து பழகிய எனக்கு இந்த இரண்டாவது காரியத்தின் கனம் புரிகிறது. வயோலா 1942இல் கேட்டது ஏற்கனவே போட்டிருக்கும் நாற்காலிகளில் ஒன்றை. காரிங்டன் நாற்காலிகள் போடப்பட்டிருக்கும் விதத்தையே மாற்றப் பார்க்கிறார். எண்பது ஆண்டு இடைவெளி அது. எளிதாகக் கிடைத்ததல்ல.

இந்தக் கட்டுரையை எழுதி முடிக்கும் முன் அந்தப் 'பாம்பாட்டி' துண்டை மீண்டும் எடுத்தேன். இந்த முறை திரையை மூடிவிட்டு ஒலியை மட்டும் கேட்டேன். கவுன் இல்லை, சிரிப்பு இல்லை, உயர்த்திய கைகளும் இல்லை. பதிவு பழையது, தட்டுகளின் ஒலி இரைச்சலில் கரைகிறது. டாம்-டாம் முழக்கம் மட்டும் தெளிவாக வருகிறது. ஆழமான, கொஞ்சம் அவசரமான ஒலி. ஒரு பக்க முரசிலிருந்து மறுபக்க முரசுக்குத் தாவும் இடத்தில் மிகச் சிறிய இடைவெளி விழுகிறது. பார்த்துக்கொண்டிருந்தபோது அது எனக்குக் கேட்டதே இல்லை. தவறா, வேண்டுமென்றே விட்டதா என்று நான்கைந்து முறை திரும்பக் கேட்டேன். ஐந்தாம் முறையில், அந்த இடைவெளிக்குப் பிறகு குழு முழுவதும் சரியாக வந்து சேர்வது தெரிந்தது.